சமம் என்றால் பழையபடி

முதல் வகுப்பில் நான் ஒரு கதை சொல்வேன். பல ஆண்டுகளாகச் சொல்லிவந்தேன். இந்த ஆண்டு சொல்லவில்லை. மாணவர்களுக்கு எதுவும் குறைந்ததாகத் தெரியவில்லை.

பள்ளிக்கூட ஆசிரியர்களாகப் போகிறவர்களுக்குச் சமூக அறிவியல் அறிமுகம் நடத்துவது என் வேலை. பலகையில் மூன்று வட்டங்கள் போடுவேன். சமூகம், அரசியல், பொருளாதாரம். மூன்றும் எந்த இடத்தில் ஒன்றையொன்று வெட்டுகின்றன என்று கேட்பேன். பிள்ளைகள் கெட்டிக்காரர்கள். வரி என்பார்கள், பள்ளிக்கூடம் என்பார்கள், யாராவது ஒருவர் கட்டாயம் ஓய்வூதியம் என்பார். எல்லாம் சரி என்று தலையாட்டிவிட்டு, மூன்று வட்டமும் சந்திக்கும் நடுவில் ஒரு செம்பு வரைவேன். அது என்ன பூச்சாடியா என்று கேட்பார்கள். "இது எங்கள் வீட்டு வாக்குப் பெட்டி" என்று தொடங்குவேன்.

பல்கலைக்கழகங்களில் இந்த மூன்றையும் மூன்று கட்டடங்களில் வைத்திருக்கிறார்கள். ஒரு கட்டடத்துக்காரர் மற்றக் கட்டடத்துக்குப் போவதென்றால் மத்தியானச் சாப்பாட்டுக்குத்தான். பொருளாதாரக்காரருக்கு மனிதன் கணக்குப் பார்க்கிற பிராணி. அரசியல்காரருக்கு உரிமை கேட்கிற பிராணி. சமூகவியல்காரர்களான எங்களுக்கு அவன் அடுத்த வீட்டை எட்டிப் பார்க்கிற பிராணி. பாவம், ஒரே மனிதன்தான் காலையில் எழும்பிப் பல் துலக்குவதற்குள் மூன்றையும் செய்து முடித்துவிடுகிறான். இதைச் சொல்லத்தான் எனக்கு அந்தச் செம்பு தேவைப்பட்டது.

அப்பா சுவிஸ் மலையூரான டாவோஸில் ஒரு ஹோட்டலில் பாத்திரம் கழுவியவர். ஹோட்டலின் உச்சியில், கூரை சரிந்து தலையில் இடிக்கும் அறையொன்றில் அவரோடு இன்னும் மூன்று பேர் இருந்தார்கள். நால்வரும் யாழ்ப்பாணத்தார். நால்வரும் அகதி விண்ணப்பம் போட்டுவிட்டுப் பதிலுக்குக் காத்திருந்தவர்கள். யன்னலைத் திறப்பதா பூட்டுவதா, இன்றைக்குச் சமையல் யார், வானொலியை எப்போது நிறுத்துவது என்று எந்த நேரமும் சண்டை. சில ஞாயிற்றுக்கிழமைகளில் அந்த ஊர்ச் சனம் வாக்குப் போடப் போவதை அப்பா பார்த்திருக்கிறார். ஆளைத் தெரிவு செய்ய அல்ல. தெருவுக்கும் சுரங்கப்பாதைக்கும் வரிக்கும் வாக்கு. இந்த நாட்டில் அவருக்குப் பனியைவிடப் பெரிய ஆச்சரியம் அதுதான். "எங்களை ஒருத்தரும் கேக்கமாட்டினம். நாங்களே எங்களைக் கேப்பம்" என்று சொல்லி அந்த அறையில் வாக்கெடுப்பைத் தொடங்கி வைத்தார்.

யாரோ சூரிச்சுக்குப் போனவர் வாங்கி வந்த ஒரு பை உழுந்து அங்கே சும்மா கிடந்தது. தோல் நீக்காத கறுப்பு உழுந்து. அரைக்க வழியில்லாத அறையில் அதை வைத்து என்ன செய்வது? ஆளுக்கு ஒரு உழுந்து, ஒரு அரிசி கொடுத்தார். விரும்பிய மணியை ஒரு பழைய கோப்பிக் குடுவைக்குள் போட வேண்டும். மற்றதை மூடியில் ஓட்டை போட்ட தகரப் பேணிக்குள் போட்டுவிட வேண்டும். யார் எதைப் போட்டார் என்று யாருக்கும் தெரியாது. உழுந்து என்றால் ஓம், அரிசி என்றால் இல்லை. குடுவையில் விழுந்தது யன்னலுக்கு வெளியே குருவிக்குப் போகும். ஆகவே இல்லை என்று சொல்கிறவன் ஒரு மணி அரிசியை இழக்கிறான், யோசித்துத்தான் சொல்லுவான் என்பது அப்பாவின் நியாயம்.

நான்கு பேர் என்பதால் அடிக்கடி இரண்டும் இரண்டுமாக வந்து நிற்கும். அதற்கும் அவரிடம் சட்டம் இருந்தது. "சமம் எண்டால் பழையபடி." பூட்டியிருந்த யன்னல் பூட்டியே இருக்கும். அவ்வளவுதான், மறுபேச்சு இல்லை.

பிறகு அம்மா வந்தார். அப்பா சூரிச்சுக்கு மாறினார். லாங்ஸ்ட்ராஸ என்ற தெருப் பக்கம் இரண்டு அறை வீடு. அப்பாவுக்கு உணவகச் சமையலறை, அம்மாவுக்கு அலுவலகங்களில் துப்புரவு வேலை. அம்மாவின் பயணப் பெட்டியில் ஒரு பித்தளைச் செம்பு வந்திருந்தது. கோப்பிக் குடுவை ஓய்வு பெற்றது. முதல் வாக்கெடுப்பிலேயே அம்மா மறித்துவிட்டார்.

"இஞ்சருங்கோ, ஓம் எண்டதுக்கு ஆராவது கறுப்பை வைப்பினமோ? நல்ல காரியத்துக்கு வெள்ளையெல்லோ?"

"அப்ப அதையும் வாக்குக்கு விடுவம்" என்றார் அப்பா. "சட்டத்தை மாத்திறதோ? போடும்."

இருவரும் போட்டார்கள். தட்டில் கொட்டிப் பார்த்தால் இரண்டும் வெள்ளை. அம்மா போட்ட வெள்ளை அம்மாவின் கணக்கில் ஓம். அப்பா போட்ட வெள்ளை அப்பாவின் கணக்கில் இல்லை. இரண்டு அரிசியும் பக்கத்தில் பக்கத்தில் ஒரே மாதிரிக் கிடந்தன. சமம் என்றால் பழையபடி என்று அப்பா வாயெடுப்பதற்குள், இரண்டும் வெள்ளை, வென்றுவிட்டேன் என்று அம்மா செம்பைக் கழுவிக் கவிழ்த்துவிட்டார். "அண்டைக்கு ஜனநாயகம் தோத்துது, குடும்பம் வெண்டுது" என்று அப்பா இதைச் சொல்லிச் சொல்லிச் சிரிப்பார். அன்று முதல் எங்கள் வீட்டில் அரிசி ஓம், உழுந்து இல்லை. நாங்கள் மூன்று பிள்ளைகளும் அந்தச் சட்டத்தின் கீழ்தான் பிறந்து வளர்ந்தோம்.

வகுப்பில் இந்த இடத்தில் பிள்ளைகள் சிரிப்பார்கள். நானும் சேர்ந்து சிரிப்பேன்.

சுவிசில் வாக்கெடுப்பு நடக்கும் ஞாயிறுகளில்தான் எங்கள் வீட்டிலும் நடக்கும். சில வாரங்களுக்கு முன்பே எங்கள் கட்டடத்தில் மற்றவர்களின் தபால் பெட்டிகளுக்குப் வாக்குச்சீட்டோடு பெரிய உறைகள் வந்து விழும். எங்கள் பெட்டிக்கு வராது. அப்பாவுக்கு வேலை செய்யலாம், வரி கட்டலாம், வாக்குப் போட ஏலாது. குடியுரிமைக்கு விண்ணப்பிக்கலாம் என்ற காலம் வந்தபோது அம்மாவுக்கு வருத்தம் வந்து படுக்கையில் விழுந்துவிட்டார். பிறகு அப்பா அந்தப் பேச்சையே எடுக்கவில்லை. ஆனால் அந்த ஞாயிறுகளில் மடிப்புக் கலையாத சட்டை போட்டுக்கொண்டு, மத்தியானச் சாப்பாடு முடிந்ததும் செம்பைக் கொண்டுபோய் நடைவழியில் சப்பாத்து அலுமாரியின் மேல் வைப்பார். ஒவ்வொருவராகத் தனியே போய்ப் போட்டுவிட்டு வர வேண்டும். குரல் எழுப்பக் கூடாது, மற்றவர் முகத்தைப் பார்க்கக் கூடாது. கடைசியில் அவர் கேட்பார்: "எல்லாரும் போட்டாச்சோ?" பிறகு தட்டில் கொட்டி எண்ணுவார்.

தங்கையைப் பள்ளிக்கூடப் பனிச்சறுக்கு முகாமுக்கு அனுப்புவதா என்று ஒருமுறை வாக்கு. அப்பாவுக்குப் பயம். பொம்பிளைப் பிள்ளை, ஒரு கிழமை முழுக்க மலையில், கால் முறிந்தால் என்ன செய்வது, சனம் என்ன கதைக்கும். நாலு வெள்ளை, ஒரு கறுப்பு விழுந்தது. அந்த ஒரு கறுப்பு யாருடையது என்று சின்னப் பிள்ளைக்கும் தெரியும். மறுநாள் அவரே போய்த் தங்கைக்குக் கையுறை வாங்கி வந்தார். தோற்றவர் கையுறை வாங்குவதுதான் அரசியல் என்று தங்கை பின்னாளில் சொல்வாள். நான் பத்துப் புத்தகம் படித்து விளங்கிக்கொண்டதை அவள் ஒரு சோடிக் கையுறையில் விளங்கிக்கொண்டாள்.

மூவரும் படித்ததும் அந்தச் செம்புக்குள் இருந்து வந்த படிப்புத்தான். அண்ணா பொருளாதாரம் படித்துக் காப்புறுதி நிறுவனம் ஒன்றில் இருக்கிறார். ஒரு மணி அரிசியின் விலையை வைத்து வாக்கைத் திருப்பலாம் என்ற அப்பாவின் யோசனையில் அவருக்கு இன்றைக்கும் மயக்கம். தங்கை அரசியல் அறிவியல் படித்தாள், குடியேறியவர்களுக்கு ஆலோசனை சொல்கிற அலுவலகத்தில் வேலை. எனக்குச் சமூகவியல். செம்பைவிட, செம்பைச் சுற்றி இருந்தவர்கள் ஏன் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்காமல் இருக்கப் பாடுபட்டார்கள் என்பதில்தான் என் கவனம்.

அம்மா இருந்தவரை நாங்கள் ஐந்து பேர். சமம் வருவதற்கே வழியில்லை. அம்மா போனபின் நால்வரானோம். அப்பா மறுபடியும் நாலு பேர் அறைக்குத் திரும்பியதுபோல் ஆனார்.

அந்த நினைப்பு எனக்கு வெறும் உவமையாகத்தான் அப்போது வந்தது. பிறகு அது உண்மையாகிவிட்டது. அப்பாவுக்கு மறதி தொடங்கியது. வைத்தியர் எங்களுக்கு அதைத் தெளிவாகச் சொன்னார்: புதியது முதலில் போகும், பழையது கடைசிவரை நிற்கும். முதலில் அவரிடமிருந்து டொச், அதாவது ஜெர்மன் மொழி, போயிற்று. அடுத்து டிராம் தரிப்பிடங்களின் பெயர்கள் போயின. பிறகு சூரிச்சே போயிற்று. காலையில் எழும்பித் தங்கையிடம் ஹோட்டல் முதலாளி வந்துவிட்டாரா என்று கேட்பார். சமையலறையில் தட்டுகளை அளவு பார்த்து அடுக்குவார், கலைப்பார், மறுபடி அடுக்குவார். அம்மா எங்கே என்று கேட்பார். இன்னும் ஊரில் இருந்து வரவில்லை என்று தானே பதிலும் சொல்லிக்கொள்வார். அந்தப் பதில் எங்களுக்கு வசதியாக இருந்தது. யாரும் திருத்தவில்லை.

அவரோடு இருந்தது தங்கைதான். வேலை நேரத்தைக் குறைத்தாள், பிறகு இன்னும் குறைத்தாள். அவரைக் குளிப்பாட்டியதும் அவள்தான். அண்ணாவுக்கு இரண்டு சின்னப் பிள்ளைகள். நான் வேறு நகரத்தில் இருந்தேன், ஞாயிற்றுக்கிழமைகளில் பலகாரத்தோடு வந்து போகிற மகள். ஒரு குளிர்காலம் அப்பா மேல்கோட்டு இல்லாமல் வெளியே போய்விட்டார். பிரதான ரயில் நிலையத்தில் நடுங்கிக்கொண்டு நின்றவரைக் காவல்துறையினர் கண்டார்கள். டாவோஸ் ரயிலுக்கு நிற்கிறேன், வேலைக்குப் பிந்திவிட்டது என்று தமிழில் அவர்களுக்குச் சொல்லிக்கொண்டிருந்தாராம்.

அந்த ஞாயிறு மூவரும் மேசையில் கூடினோம். அப்பா யன்னலோரம் தன் கதிரையில் இருந்தார்.

அண்ணா தன் பாடத்தைத் தொடங்கினார். "தங்கச்சி வேலையை விட்டால் பிறகு இந்த வயசிலை ஆர் வேலை குடுப்பினம்? அவளின்ரை ஓய்வூதியம் என்ன ஆகிறது? அப்பாவுக்கு முதியோர் இல்லம்தான் சரி. எல்லாருக்கும் நட்டம் குறைவு."

தங்கை தன் பாடத்தைத் தொடங்கினாள். "ஒரு மனுசன் எங்கை இருக்கிறது எண்டதை மற்ற ஆக்கள் தீர்மானிக்கேலுமோ? அவருக்கெண்டு ஒரு உரிமை இல்லையோ? அவரைக் கேக்காமல் நான் ஒண்டுக்கும் சம்மதிக்கமாட்டன்."

நான் சும்மா இருப்பேனா? "அங்கை அவரோடை ஆர் தமிழிலை கதைப்பினம்? உறைப்பில்லாத சாப்பாட்டை எப்பிடிச் சாப்பிடுவார்? ஆளில்லாத இடத்திலை ஆள் இருக்கேலாது" என்றேன்.

கொஞ்ச நேரம் போனதும் ஒருவர் சட்டையை மற்றவர் போட்டுக்கொண்டதுபோல் வாதங்கள் மாறிவிட்டன. நட்டக் கணக்குப் பார்த்த அண்ணா திடீரென்று, "மூண்டு பிள்ளையள் இருந்தும் தகப்பனை இல்லத்திலை விட்டிட்டினம் எண்டு சனம் கதைக்கும், அது எனக்குத் தெரியும்" என்று சொல்லிக் கண்ணைத் துடைத்தார். உரிமை பேசிய தங்கை, "எனக்கு ஏலாமல் போச்சு அண்ணா. நான் ஒரு முழு நித்திரை கொண்டு எவ்வளவு காலம்" என்றாள். சமூகம் பேசிய நான் மனத்துக்குள் கணக்குப் பார்த்தேன். அப்பா இந்த வீட்டிலேயே இருந்தால் என் வாழ்க்கையில் ஒன்றும் மாறாது, தங்கையின் வாழ்க்கைதான் போகும். தூரத்தில் இருப்பவர்களுக்குப் பாசம் மலிவு. மூன்று கட்டடத்துப் படிப்பும் ஒரு சமையலறை மேசையில் கலந்து குழம்பிப் போய்க் கிடந்தது. இதைவிட நல்ல உதாரணம் எந்தப் பாடநூலிலும் இல்லை. இப்படி நினைத்ததற்காக என்னை எனக்கே பிடிக்கவில்லை.

அப்போது யன்னலோரத்தில் இருந்து அப்பாவின் குரல் வந்தது. "ஏன் சத்தம் போடுறியள்? வாக்குப் போடுவம்."

நாங்கள் திரும்பிப் பார்த்தோம். பல மாதங்களாகக் கேட்காத குரல். சரியான இடத்தில், சரியான சொல். தங்கை அழுதுகொண்டே போய்ச் செம்பை எடுத்துவந்தாள். அவர் முன்னால் முழங்காலில் இருந்து, ஒவ்வொரு சொல்லாகச் சொன்னாள்.

"அப்பா, நீங்கள் முதியோர் இல்லத்திலை போய் இருக்கிறதோ எண்டதுதான் கேள்வி. போறதெண்டால் ஓம். இஞ்சை வீட்டிலையே இருக்கிறதெண்டால் இல்லை. விளங்குதோ அப்பா?"

"விளங்குது, விளங்குது. நான் என்ன குழந்தைப் பிள்ளையோ?"

செம்பு சப்பாத்து அலுமாரியின் மேல் போயிற்று. அண்ணா போனார், வந்தார். தங்கை போனாள், வந்தாள். நான் போய் உழுந்தைப் போட்டேன். இல்லை என்று. கடைசியாக அப்பா எழும்பிச் சட்டைக் கழுத்தைச் சரிசெய்துகொண்டு போனார். நடைவழியில் நெடுநேரம் நின்றார். வந்து இருந்ததும் கேட்டார்: "எல்லாரும் போட்டாச்சோ?"

தட்டில் கொட்டினார். மூன்று வெள்ளை, ஒரு கறுப்பு.

"மூண்டு வெள்ளை" என்றார் அப்பா. அவர் முகத்தில் ஒரு தெளிவு வந்தது, ஏன், ஒரு சிரிப்பே வந்தது. ஒவ்வொருவராக எங்களைப் பார்த்தார். தங்கையின் தலையைத் தடவினார். "நல்ல பிள்ளையள்" என்று சொல்லிவிட்டுத் தேத்தண்ணி கேட்டார். தோற்ற மனிதர் இப்படி நடந்துகொள்வாரா என்று அண்ணா பல்கனிக்குப் போய் நின்று அழுதார்.

இல்லத்துக்குக் கூட்டிப்போன நாளில் அப்பா வாசலில் நின்றுவிட்டார். தங்கையின் கையைப் பிடித்துக்கொண்டு, "நாங்கள் வாக்குப் போட்டனாங்கள் எல்லோ பிள்ளை?" என்று கேட்டார். தங்கை "ஓம் அப்பா, போட்டனாங்கள்" என்றாள். அவர் இன்னொரு முறையும் கேட்டார். அவள் இன்னொரு முறையும் ஓம் என்றாள். பிறகு அவர் உள்ளே போனார்.

அண்ணாவும் தங்கையும் அந்த ஒரு கறுப்பு அப்பாவுடையது என்றே நினைத்தார்கள். வேறு எப்படி நினைப்பார்கள்? பனிச்சறுக்கு முகாமில் இருந்து அந்த ஒற்றைக் கறுப்பு எப்போதும் அப்பாவுடையதுதானே. அண்ணா இல்லத்துக்குப் போவதையே குறைத்துக்கொண்டார். அப்பாவின் முகத்தைப் பார்க்க முடியவில்லை என்றார். தங்கைக்கு நித்திரை கொள்ள இப்போது நேரம் இருந்தது, நித்திரைதான் வரவில்லை. "அவர் வேண்டாம் எண்டவர். நாங்கள் எண்ணிக்கையாலை அவரை வெளியிலை அனுப்பினனாங்கள்" என்று ஒருநாள் தொலைபேசியில் விம்மினாள். அப்போதுதான் நான் சொன்னேன். அந்தக் கறுப்பு என்னுடையது. அப்பா போட்டது வெள்ளை. அப்பா ஓம் என்றவர்.

 அவள் சிரித்தாள், அழுதாள், அண்ணாவுக்கு உடனே எடுத்துச் சொன்னாள். அடுத்த ஞாயிறே அண்ணா இரண்டு பிள்ளைகளையும் கூட்டிக்கொண்டு அப்பாவிடம் போனார். தங்கை மெல்ல மெல்லப் பழைய ஆளானாள். முழுநேர வேலைக்குத் திரும்பினாள். பழைய வீட்டைக் கொடுத்துவிட்டுச் சின்ன வீடு பார்த்துக்கொண்டாள். எங்களுக்காக அப்பா தனக்கெதிராகத் தானே வாக்குப் போட்டார் என்பது எங்கள் குடும்பத்தின் வேதமாகிவிட்டது.

நான் அதை வகுப்பிலும் சொன்னேன். எப்படிச் சொன்னேன் என்று நினைத்தால் இப்போது உடம்பு கூசுகிறது. மூன்று வட்டத்தின் நடுவில் செம்பை வரைந்து, ஒரு கிழவர் தன் நலத்தை விட்டார், அது பொருளாதாரக் கணக்குக்குள் அடங்காது, பொதுமுடிவுக்கு இணங்கினார், அது அரசியல், பிள்ளைகளின் முகத்துக்காகச் செய்தார், அது சமூகம், ஒரு மணி அரிசியில் மூன்றும் இருக்கின்றன என்று முடிப்பேன். முன்வரிசையில் யாராவது கண் கலங்குவார்கள். எனக்கும் கலங்கும். நன்றாகத்தான் இருந்தது.

போன வசந்தகாலம் ஒரு ஞாயிறு அப்பாவிடம் போனேன். சூரிச்சின் ஓரத்தில், டிராம் திரும்புகிற கடைசித் தரிப்பிடத்துக்குப் பக்கத்தில் அந்த இல்லம். அவர் நாட்கணக்காகப் பேசவில்லை, தேத்தண்ணியைக்கூடத் தொடுவதில்லை என்று அங்கு வேலை செய்யும் பெண் முதல்நாளே தொலைபேசியில் சொல்லியிருந்தார். எனக்கு ஒரு யோசனை வந்தது. வரும் வழியில் தமிழ்க் கடையில் அரிசியும் கறுப்பு உழுந்தும் சிறிது வாங்கியிருந்தேன். விளையாட்டுக் காட்டியாவது அவரைக் கதைக்கவைக்கலாம் என்ற நப்பாசை. மேசையில் இருந்த வெறும் பூச்சாடியைச் செம்பாக்கினேன்.

"அப்பா, வாக்கெடுப்பு. தேத்தண்ணி குடிக்கிறதோ?" ஒரு அரிசியும் ஒரு உழுந்தும் அவர் உள்ளங்கையில் வைத்தேன்.

அவர் கண் திறந்துகொண்டது. உழுந்தை எடுத்துச் சாடிக்குள் போட்டார். இல்லை என்கிறார், சரி, வற்புறுத்தக் கூடாது என்று கோப்பையை அப்பால் நகர்த்தினேன். அவர் கை நீட்டி அதைத் தன் பக்கம் இழுத்து, இரண்டு கையாலும் பிடித்துக் குடித்தார்.

முதலில் எனக்கு ஒன்றும் விளங்கவில்லை. மறதியில் மாறிப்போட்டுவிட்டார் என்று நினைத்தேன். வெளியே மழை கொட்டிக்கொண்டிருந்தது. "வெளியிலை நடக்கப் போவமோ?" என்று கேட்டேன். யன்னலைப் பார்த்தார். தலையை இரண்டு பக்கமும் ஆட்டிக்கொண்டே அரிசியைப் போட்டார்.

 இன்னும் கேட்டேன். பாட்டுப் போடுவமோ, யன்னலைத் திறப்பமோ, அண்ணாவுக்கு ஃபோன் எடுப்பமோ. தலையாட்டலுக்கும் மணிக்கும் இடையில் ஒரு தடவையும் அவர் தவறவில்லை. உழுந்து ஓம், அரிசி இல்லை. கூரை சரிந்த அந்த அறையின் சட்டம். அம்மா இன்னும் ஊரில் இருந்து வரவில்லையே, சட்டத்தை யார் மாற்றியிருப்பார்கள்? அன்றைக்குத் தங்கை கேள்வியைச் சொன்னாள், ஓம் சொன்னாள், இல்லை சொன்னாள். நிறத்தைச் சொல்லவில்லை. அந்தச் சட்டத்தைச் செய்தவருக்கே நிறம் சொல்லிக்கொடுக்க யாருக்குத் தோன்றும்?

அப்பா வீட்டில் இருக்கிறேன் என்றுதான் வாக்குப் போட்டார். தட்டில் மூன்று வெள்ளையைக் கண்டதும், தன் பிள்ளைகளில் இரண்டு பேர் தன்னோடு நின்று தன்னை வீட்டிலேயே வைத்துக்கொண்டார்கள் என்று நினைத்தார். நல்ல பிள்ளைகள் என்றார். பிறகு அந்த நல்ல பிள்ளைகள் அவரைக் காரில் ஏற்றிக்கொண்டு வந்து இங்கே விட்டார்கள். வாசலில் நின்று இரண்டு முறை கேட்டார், நாங்கள் வாக்குப் போட்டோமல்லவா என்று. நாங்கள் இரண்டு முறையும் ஓம் என்றோம். அந்த ஓமை அவர் என்னவென்று விளங்கியிருப்பார்?  ஒருவருடைய அரிசியை நம்முடைய சட்டப்படி எண்ணிவிட்டு அதற்கு மேல் ஒரு தத்துவமும் கட்டிப் பத்து வகுப்புக்குப் பாடம் நடத்தியிருக்கிறேன்.

அண்ணாவுக்கும் தங்கைக்கும் நான் சொல்லவில்லை. சொல்லவும் மாட்டேன். தங்கை இப்போது சிரிக்கிறாள்.

மேசையில் மணிகள் சிதறிக் கிடந்தன. என்னை அறியாமலே அவற்றை வரிசையாக வைத்தேன், அன்றைய வாக்கை உள்ளபடி. அவரவர் மனத்தை அப்பாவின் நிறத்தில். அண்ணாவுக்கு ஒரு உழுந்து, தங்கைக்கு ஒரு உழுந்து. எனக்கு ஒரு அரிசி. அப்பாவுக்கு ஒரு அரிசி.

அப்பா குனிந்து பார்த்தார். "எல்லாரும் போட்டாச்சோ?"

"ஓம் அப்பா."

"எவ்வளவு?"

"ரெண்டும் ரெண்டும்."

"அப்ப சமம்." கோப்பையை வைத்துவிட்டுக் கதிரையின் கையைப் பிடித்து எழும்பினார். பல நாளாக எழும்பாதவர். "சமம் எண்டால் பழையபடி. கோட்டை எடு பிள்ளை, வீட்டை போவம்."

பழைய வீட்டு அழைப்புமணியில் இப்போது வேறொரு குடும்பத்தின் பெயர் இருக்கிறது.  கோட்டைப் போட்டுவிட்டேன், கழுத்துவரை தெறிகளைப் பூட்டிவிட்டேன். மழை விட்டிருந்தது. வேலை செய்யும் பெண்ணிடம் சொல்லிவிட்டு, அவர் கையைப் பிடித்து மெதுவாகத் தரிப்பிடம் வரை கூட்டிப்போய் வாங்கில் இருத்தினேன். டிராம் வந்து திரும்பி எங்கள் முன்னால் நின்று கதவைத் திறந்தது.

"இதுதானே எங்கடை?" என்று கேட்டார்.

"இல்லை அப்பா, அடுத்தது" என்றேன்.

சரி என்று கையை மடியில் வைத்துக்கொண்டு காத்திருந்தார். அடுத்ததும் வந்தது. அதற்கும் அப்படியே சொன்னேன்.